மதீனாவின் ஹர்ராக்கள்
மதீனாவின் புனித எல்லை இரு 'லாபா'க்களுக்கு இடைப்பட்டது என ஹதீஸ்கள் கூறும். லாபா, ஹர்ரா என்னும் அரபுச் சொற்கள் எரிமலைக் குழம்பு உறைந்த கரும்பாறை வெளியைக் குறிப்பன. நகரின் கிழக்கிலும் மேற்கிலும் அவை இன்றும் காணப்படுகின்றன.

சவூதி அரேபியாவின் மிக உயர்ந்த மலைகள் தென்மேற்கே அஸீரில், ஏறத்தாழ 3,000 மீட்டர் உயரத்தில் உள்ளன. எரிமலைகளோ மேற்குப் பகுதியின் ஹர்ராக்களில் அமைந்தவை. மதீனாவிலிருந்து தெற்கே மக்காவை நோக்கி நீள்வது ஹர்ரத் ரஹத். வடக்கே ஹர்ரத் கைபர். வடமேற்கே ஹர்ரத் லுனைய்யிர்.

ஹிஜ்ரி 654இல் (கி.பி. 1256) ரஹத்தில் எழுந்த நெருப்பு 52 நாட்கள் நீடித்தது. 20 கிலோமீட்டருக்கும் மேல் ஓடிய குழம்பு நகரை எட்டாமல் நின்றது. 2009இல் லுனைய்யிரில் நிலநடுக்கங்கள் தொடர்ந்தபோது பல்லாயிரவர் வெளியேற்றப்பட்டனர்; குழம்பு மேலெழாமல் அடங்கியது. ஆகவே ஹர்ராக்கள் அணைந்துவிட்டன எனக் கொள்ளலாகாது; உறங்குகின்றன என்பதே பொருந்தும்.