சிர்க்கா சாரி: மூன்று படங்களும் ஒரு புகைபோக்கியும்

‘விசித்திரமான மரணங்கள்’ என்று இணையத்தில் சுற்றும் பட்டியல்களை நீங்களும் பார்த்திருப்பீர்கள். சிர்க்கா சாரி என்ற பெயர் எனக்கு அறிமுகமானது அப்படி ஒன்றில்தான். ஒரே வரி: புகைபோக்கிக்குள் விழுந்து இறந்த ஃபின்லாந்து நடிகை. படிச்சதும், சொல்ல வெட்கமாக இருக்கிறது, லேசாகச் சிரிப்பு வந்தது. அப்புறம்தான் வயசைப் பார்த்தேன். 19.

சரி, யார் இந்தப் பொண்ணு?

1920 மே 1 அன்று ஃபின்லாந்தின் ரைசியோவில் பிறந்தவர். இயற்பெயர் சிர்க்கா லின்னேயா யான்சன். மூன்று படங்களில் நடித்தார். அவருடைய மொத்தத் திரைவாழ்க்கையே அவ்வளவுதான். மூன்றாவது படமான ‘ரிகாஸ் துத்தோ’வில் அவர்தான் கதாநாயகி. ‘பணக்காரப் பெண்’ என்று பொருள். இயக்கியவர் வாலென்டின் வாலா. அந்தக் காலத்து ஃபின்னிஷ் சினிமாவில் பெரிய பெயர். புதுமுகத்துக்கு இதைவிட நல்ல வாய்ப்பு கிடைப்பது கஷ்டம்.

படப்பிடிப்பு ஹாமேன்லின்னா நகரில், அவுலாங்கோ ஹோட்டலில் நடந்தது. 1938-இல் திறந்த, அன்றைய நவீன பாணிக் கட்டடம். ஜூலை 29 அன்று அங்கே படக்குழுவுக்கு விருந்து. நடுவில் சாரி இன்னொருவரோடு ஹோட்டலின் கூரைக்குப் போனார். அங்கே ஒரு புகைபோக்கி, பக்கத்தில் ஏணி. ஏறி நின்று ஊரைப் பார்க்கும் மாடம் என்று நினைத்து ஏறிவிட்டார். உள்ளே தவறி, கீழே கொதிகலன் வரை விழுந்து, உடனே இறந்துபோனார்.

பட்டியல்களில் இதை அசட்டுத்தனம் மாதிரி எழுதுகிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. பழக்கமில்லாத புதுக் கட்டடம். கூரையில் உயரமாக ஒன்று, அதில் ஏற ஏணியும் இருக்கிறது. அது புகைபோக்கி என்று வெளியாளுக்கு எப்படித் தெரியும்? நானாக இருந்தாலும் ஏறியிருப்பேன்.

படம் நிற்கவில்லை. பாக்கிக் காட்சிகளில் அவருக்குப் பதிலாக வேறொரு பெண்ணை நடிக்கவைத்து, தூரத்திலிருந்து எடுத்து முடித்தார்கள். அதே ஆண்டு வெளியானது. நவம்பர் 30 அன்று சோவியத் படைகள் ஃபின்லாந்துக்குள் நுழைந்தன. குளிர்காலப் போர் தொடங்கியது. சாரி இறந்து நாலே மாதம்தான் ஆகியிருந்தது.

இப்போது யாராவது அந்தப் பட்டியலைப் பகிர்ந்தால், ‘ரிகாஸ் துத்தோ’வின் பெயரைப் பதிலாக அனுப்பிவிடுகிறேன். அதில் அவர் உயிரோடு நடிக்கிறார்.