திருப்ப முடியுமா? எது மாறாது? சார்ட் கொடுக்கும் முன் இரண்டு கேள்விகள்

2009-ல் திண்டுக்கல்லில் எங்கள் அக்கா திருமணம் நடந்தது. மொய் நோட்டில் இருந்த 412 பெயர்களையும் எக்செல்லில் ஏற்றும் வேலையை என்னிடம் கொடுத்தார்கள். வீட்டுக்குக் கம்ப்யூட்டர் வந்து மூன்று மாதம்தான் ஆகியிருந்தது. பெயர், ஊர், தொகை என்று மூன்று காலம் போட்டு, இரண்டு ராத்திரி உட்கார்ந்து டைப் செய்தேன்.

அதிகம் செய்தவர்கள் மேலே வரட்டும் என்று தொகை காலத்தை மட்டும் செலக்ட் செய்து சார்ட் கொடுத்தேன். எக்செல் ஓர் எச்சரிக்கை காட்டியது. 'எக்ஸ்பேண்ட் த செலக்ஷன்', 'கன்டினியூ வித் த கரன்ட் செலக்ஷன்' என்று இரண்டு வழிகள். நான் இரண்டாவதைத் தேர்ந்தெடுத்தேன். பிறகு மொத்தத்தைக் கூட்டிப் பார்த்தேன். நோட்டில் இருந்த அதே தொகை! நிம்மதியாக சேவ் செய்து மூடிவிட்டேன். நோட்டு பரணுக்குப் போய்விட்டது.

இரண்டு மாதம் கழித்து நத்தத்தில் ஒரு உறவினர் வீட்டுக் காதுகுத்து. என் பட்டியலில் அவர் பெயருக்கு நேரே 101 ரூபாய். அப்பா 201 எழுதலாம் என்று கிளம்பிவிட்டார். "அவங்க நமக்கு ரெண்டாயிரம் செஞ்சாங்க. எதுக்கும் நோட்டை எடுத்துப் பாருங்க" என்று அம்மா தடுத்தார். பரணில் ஏறி எடுத்தோம். நோட்டில் 2,001. என் பட்டியலில் பெயர்கள் அப்படியே இருக்க, தொகைகள் மட்டும் இடம் மாறி உட்கார்ந்திருந்தன. ஒரு உறவே முறிந்திருக்கும்!

எங்கே தவறினேன்? கம்ப்யூட்டரில் அடிக்கடி வரும் நான்கு சொற்களைப் புரிந்துகொண்டால் விடை கிடைக்கும்.

ரிவர்ஸ்

வரிசையைப் பின்னாலிருந்து முன்னாக மாற்றுவது ரிவர்ஸ். 1234 என்பது 4321 ஆகும். மறுபடி ரிவர்ஸ் செய்தால் பழையபடி 1234. 'விகடகவி' என்ற சொல்லை எழுத்தெழுத்தாக ரிவர்ஸ் செய்தாலும் விகடகவிதான்.

இன்வர்ஸ்

ஒரு செயலை ரத்து செய்யும் எதிர்ச்செயல் இன்வர்ஸ். பள்ளிப் புத்தகத்தில் இதை 'நேர்மாறு' என்று படித்திருப்பீர்கள். 5-ஐக் கூட்டியதை, 5-ஐக் கழித்து ரத்து செய்யலாம். 5-ஆல் பெருக்கியதை, 5-ஆல் வகுத்து ரத்து செய்யலாம். ஆனால் 0-ஆல் பெருக்கினால்? 7-ம் 0 ஆகிறது, 9-ம் 0 ஆகிறது. கையில் 0 மட்டும் இருந்தால் எங்கிருந்து வந்தோம் என்று சொல்ல முடியாது. பல தொடக்கங்கள் ஒரே முடிவுக்கு வந்து சேர்ந்தால் அந்தச் செயலுக்கு நேர்மாறு கிடையாது.

நான் செய்த சார்ட்டும் இப்படித்தான். தொகைகள் முதலில் எந்த வரிசையில் இருந்திருந்தாலும் பெரியதிலிருந்து சிறியது என்ற ஒரே வரிசைதான் வந்திருக்கும். பழைய வரிசையின் தடயமே இல்லை.

அன்டூ

கண்ட்ரோல் + இசட் அழுத்தினால் எல்லாம் திரும்பி வருகிறதே என்பீர்கள். அன்டூ என்பது நேர்மாறு அல்ல, ஞாபகம். மாற்றத்துக்கு முன் எப்படி இருந்தது என்பதை எக்செல் குறித்து வைத்திருக்கிறது, அதைத் திருப்பித் தருகிறது. அதனால்தான் நேர்மாறு இல்லாத செயலைக்கூட அன்டூ செய்ய முடிகிறது. ஃபைலை மூடினால் அந்தக் குறிப்பு அழிந்துவிடும். இன்று ஒன்டிரைவில் சேமித்த ஃபைல்களுக்கு 'வெர்ஷன் ஹிஸ்டரி' மூலம் பழைய நிலையைப் பெற வழி உண்டு. அன்று என் கம்ப்யூட்டரில் அது இல்லை.

இன்வேரியன்ட்

ஒரு மாற்றம் நடக்கும்போது எது மாறாமல் இருக்கிறதோ அதுவே அந்த மாற்றத்துக்கு இன்வேரியன்ட், மாறாப் பண்பு. 'பை' போல எப்போதும் ஒரே மதிப்புள்ளதை மாறிலி என்கிறோம். இன்வேரியன்ட் அப்படியல்ல, 'எந்தச் செயலுக்கு மாறாதது' என்று கேட்க வேண்டும். எண்களை எப்படிக் கலைத்துப் போட்டாலும் கூட்டுத்தொகை மாறாது. ஆகவே மொத்தம் சரியாக இருக்கிறது என்பது, யாருக்கு எந்தத் தொகை என்பதற்குச் சாட்சி ஆகாது. நான் ஏமாந்தது இங்கேதான்!

இனி என்ன செய்வது?

1. சார்ட் செய்யும் முன் எஃப்12 அழுத்தி, வேறு பெயரில் ஒரு நகல் சேவ் செய்யுங்கள்.

2. முதல் காலத்தில் வரிசை எண் போடுங்கள். 1, 2 என்று இரண்டு செல்லில் டைப் செய்து, இரண்டையும் செலக்ட் செய்து, மூலையில் உள்ள சிறு சதுரத்தைக் கீழே இழுத்தால் மீதி எண்கள் தானே வரும்.

3. எச்சரிக்கை வந்தால் 'எக்ஸ்பேண்ட் த செலக்ஷன்' கொடுங்கள். வரி முழுவதும் சேர்ந்தே நகரும். பழைய வரிசை வேண்டுமா? வரிசை எண்ணை வைத்து மறுபடி சார்ட் செய்யுங்கள். இப்போது சார்ட்டுக்கு நேர்மாறு கிடைத்துவிட்டது!

4. மொத்தத்தோடு நிற்காமல், நடுவில் நான்கைந்து வரிகளை நோட்டோடு ஒப்பிடுங்கள்.

படங்களுக்கும் இதே கேள்விதான். ஜிப் செய்த ஃபைலை அன்ஜிப் செய்தால் அச்சு அசலாகத் திரும்பி வரும். ஆனால் 3,000 பிக்சல் அகலப் படத்தை அதே விகிதத்தில் 300 ஆகச் சுருக்கி, அதே பெயரில் சேவ் செய்தால் நூறில் ஒரு பங்கு பிக்சல்தான் மிஞ்சும். மறுபடி பெரிதாக்கினால் மங்கலாகவே தெரியும்.

பூட்டுக்குப் பேர்போன ஊர் எங்களுடையது. திண்டுக்கல் பூட்டுக்கு 2019-ல் புவிசார் குறியீடும் கிடைத்தது. அன்று பரணிலிருந்து இறங்கிய அப்பா திட்டவில்லை. "அமுக்குனாலே பூட்டிக்கிற பூட்டு இருக்குல்லப்பா, அதைப் பூட்ட சாவி வேணாம். ஆனா திறக்க வேணும். சாவி கையில இருக்கான்னு பார்த்துட்டு அமுக்கு" என்றார்.

அந்த 412 வரிகளையும் நோட்டைப் பார்த்து மறுபடி டைப் செய்தேன், இந்த முறை வரிசை எண்ணோடு. நீங்களும் பத்துப் பெயர்களை வைத்து இன்றே ஒரு முறை செய்து பாருங்கள். மொய் நோட்டை மட்டும் தூக்கிப் போட்டுவிடாதீர்கள்!