பாதி வழியில் மாறும் தரவு

கைப்பேசிச் செயலியில் ஒரு பொருளைத் தொட்டுப் பார்த்தாலே போதும், அது ஒரு சிறு குறிப்பாகி ஜேசான் வடிவில் சர்வருக்குக் கிளம்பிவிடுகிறது. மனிதரும் படிக்கலாம், எந்த நிரல்மொழியும் படிக்கும் என்பதால் ஜேசானை யாரும் கைவிடுவதாக இல்லை. ஆனால் அதில் ஒவ்வொரு பதிவும் தன் களங்களின் பெயர்களையும் சுமந்துகொண்டே வருகிறது. இடம் அடைபடுவதைவிடப் பெரிய தொல்லை வாசிப்பில்தான். மொய் நோட்டில் மொத்தத்தைக் கூட்டக் கடைசிப் பத்தியில் கண்ணை ஓட்டினால் போதும். ஜேசான் கோப்பிலோ பெயர், ஊர், உறவு எல்லாவற்றையும் வரி விடாமல் படித்தாக வேண்டும். கூகுள் 2010-இல் வெளியிட்ட டிரெமெல் ஆய்வுக் கட்டுரையைப் பின்பற்றி, ட்விட்டரும் கிளவுடெராவும் 2013-இல் கொண்டுவந்த பார்கே வடிவம் ஒரு பத்தியின் மதிப்புகளை அடுத்தடுத்து வைக்கிறது. ஒவ்வொரு தொகுதியின் மிகச் சிறிய, மிகப் பெரிய மதிப்புகளையும் அதில் குறித்து வைக்கலாம் என்பதால், தேவையற்றவற்றைத் திறக்காமலே தாண்டிவிட முடிகிறது. வாசித்த பைட்டுகளுக்குக் கட்டணம் வாங்கும் அதீனா போன்ற சேவையில் இது நேரடியாகப் பண விஷயம். ஜேசானையே ஜிஸிப்பால் சுருக்கினால் ஆகாதா என்று கேட்கலாம். பைட்டுகள் குறையும், உண்மைதான். ஆனால் ஒரே ஒரு பத்திக்காகவும் முழுக் கோப்பையும் விரித்தே ஆக வேண்டும்.

ஜேசானைப் பத்தி வடிவாக்கும் இந்த மாற்றத்தைத் தரவு ஓடிக்கொண்டிருக்கும்போதே செய்யும் வசதியை அமேசானின் ஃபயர்ஹோஸ் 2018-இல் தந்தது. அமைப்புத் திரையில் கேட்பது மூன்றுதான்: வரும் ஜேசானைப் பிரிப்பது எது, களங்களின் பெயரையும் வகையையும் சொல்லும் ஸ்கீமா எங்கே இருக்கிறது, வெளியே போவது பார்கேயா, இன்னொரு பத்தி வடிவமான ஓஆர்சியா. நாலைந்து சொடுக்குகளில் முடிந்துவிடுவதால் இதை ஒரு சில்லறை வேலையாகவே நினைக்கிறார்கள். எடை முழுவதும் இரண்டாவது கேள்வியில் இருக்கிறது. ஸ்கீமா இருக்கும் குளூ அட்டவணையில் 'விலை' முழு எண் என்று எழுதியிருக்க, காற்புள்ளி போட்ட எழுத்துச் சரமாக அது வந்தால் மாற்றம் தோற்கும். பதிவு பிழைகளுக்கான தனிக் கோப்புறைக்குப் போகும். இதைக் கண்டு பதற வேண்டியதில்லை, தேடிப் பிடித்துத் திருத்தலாம். அஞ்ச வேண்டியது வெற்றியோடு முடியும் மாற்றத்துக்குத்தான். செயலிக் குழு ஒரு களத்துக்குப் புதுப் பெயர் வைத்துவிட்டால், ஸ்கீமாவில் இல்லாத அந்தப் பெயரைச் சேவை பேசாமல் உதிர்த்துவிடும், பழைய பத்தியை வெற்றாக விட்டுவிடும். பிழைக் கோப்புறை காலி, எச்சரிக்கை ஏதும் இல்லை. மாத முடிவில் விற்பனை அறிக்கை பார்ப்பவர் தலையில்தான் அது விடிகிறது.

அப்படியானால் வருவதை அப்படியே கொட்டி வைத்து, இரவில் ஸ்பார்க் கொண்டு மாற்றிக்கொள்வதே பத்திரம் என்று அனுபவமுள்ள பொறியாளர்கள் சிலர் வாதிடுவார்கள். அதில் நியாயம் உண்டு. களங்கள் வாரா வாரம் மாறும் புதிய செயலிக்கு அதுவே ஏற்றது. சிஎஸ்வி, எக்ஸ்எம்எல் என்று வேறு வடிவில் தரவு வந்தாலும் ஃபயர்ஹோஸின் வடிவ மாற்றத்துக்கு முன்னால் லாம்டா நிரல் வைத்து ஜேசானாக்கிக் கொடுத்தாக வேண்டும். அதற்கு இரவு வேலையே தேவலாம். ஆனாலும் ஒரு களத்துக்கு என்ன பொருள் என்று யாரோ முடிவு செய்யத்தான் வேண்டும். இரவு வரை தள்ளிப்போட்டால் அந்த முடிவு செயலி எழுதியவர் கையிலிருந்து, அதை அறியாத இன்னொருவர் கைக்குப் போகிறது. வழியிலேயே மாற்றினால் இருவரும் முன்கூட்டியே பேசியாக வேண்டிய கட்டாயம் வருகிறது. இந்தக் கட்டாயத்தைத்தான் நான் லாபமாகக் கருதுகிறேன். உதிர்ந்த களங்களை மீட்க, மூல ஜேசானையும் சில வாரங்கள் தனியே வைத்திருப்பது அவசியம். சேமிப்புச் செலவைக் காட்டி அதைத் தவிர்ப்பது சிக்கனமாகாது.

வழியிலேயே மாற்றினால் தரவு தாமதமாகும் என்ற ஆட்சேபத்துக்கும் பதில் உண்டு. வடிவ மாற்றத்தை இயக்கினால் தரவைச் சேர்த்து வைக்கும் பஃபர் குறைந்தது 64 எம்பி இருக்க வேண்டும். மெல்லிய ஓடையில் அது நிறைய நேரமாகும் என்பதால் பெரும்பாலும் கால வரம்பே முந்திக்கொள்ளும்; அதை 900 வினாடி வரை வைக்கலாம். நொடிக்கு நொடி மோசடியைப் பிடிக்க இது உதவாது. அதற்கு வேறு பாதை போடுங்கள். நாள் அறிக்கைக்குக் கால் மணி நேரம் ஒரு பொருட்டல்ல.

ஸ்கீமாவின் பதிப்பு விஷயத்தில் ஃபயர்ஹோஸ் இயல்பாகவே 'எப்போதும் புதியது' என்று எடுத்துக்கொள்கிறது. குளூ அட்டவணையில் யார் கை வைத்தாலும் ஓடை மாறிவிடும். பதிப்பு எண்ணைக் குறிப்பிட்டுக் கட்டிவைப்பதே என் தேர்வு. பார்கேயா ஓஆர்சியா என்ற மூன்றாவது கேள்வியும் இதோடு சேர்ந்ததே. அதீனா இயல்பாகப் பார்கே பத்திகளைப் பெயரைக் கொண்டு தேடும், ஓஆர்சி பத்திகளை இடத்தைக் கொண்டு தேடும். ஆகவே ஓஆர்சியைத் தேர்ந்தவர் புதிய பத்தியை நடுவில் நுழைக்காமல் எப்போதும் கடைசியில்தான் சேர்க்க வேண்டும். பார்கேயைத் தேர்ந்தவர் பழைய பத்தியின் பெயரை மாற்றக் கூடாது.