பிரண்டைப் பேரினம்

பிரண்டைப் பேரினம் (சிஸ்ஸஸ்) என்பது திராட்சைக் குடும்பத்தைச் சேர்ந்த பூக்கும் தாவரப் பேரினம் ஆகும். இக்குடும்பத்தில் மிகுந்த இனங்களைக் கொண்ட பேரினம் இதுவே. ஏறத்தாழ 300 இனங்கள் இதில் அடங்கும். ஆப்பிரிக்கா, ஆசியா, தென் அமெரிக்கா ஆகிய கண்டங்களின் வெப்ப மண்டலப் பகுதிகளில் இவை பரவியுள்ளன. பெரும்பாலானவை பற்றுக்கம்பிகளால் ஏறிப் படரும் கொடிகள். கார்ல் லின்னேயசு 1753-இல் இப்பேரினத்தை வரையறுத்தார். இதன் வகைமாதிரி இனமான சிஸ்ஸஸ் விட்டிஜினியா தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் வளர்வது குறிப்பிடத்தக்கது.

தமிழருக்கு நன்கு அறிமுகமான இனம், துவையலுக்கும் அப்பளத்திற்கும் பயன்படும் பிரண்டை (சிஸ்ஸஸ் குவாட்ராங்குலாரிஸ்) ஆகும். சித்த மருத்துவ நூல்கள் இதை வச்சிரவல்லி என்கின்றன. தேனி மாவட்டத்தின் கம்பம் பள்ளத்தாக்கில் வேலிகளிலும் கள்ளிப் புதர்களிலும் இது தானாகப் படர்கிறது. வேலிக்கு உட்புறம் பந்தலில் படர்ந்திருக்கும் பன்னீர்த் திராட்சையும் இதே குடும்பத்தைச் சேர்ந்தது என்பது பலர் அறியாத செய்தி.

பிரண்டையும் திராட்சையும்

உறவை உறுதி செய்ய நுண்ணோக்கி தேவையில்லை. இரண்டிலும் பற்றுக்கம்பி இலைக்கு எதிர்ப்புறத்தில், அதே கணுவில் தோன்றுகிறது. ஏனைய கொடிகளிற் பெரும்பாலானவற்றில் இவ்வமைப்பு இல்லை. வேறுபாடுகளும் உள. பிரண்டைப் பூவில் நான்கு இதழ்கள், திராட்சைப் பூவில் பொதுவாக ஐந்து. திராட்சை இதழ்கள் நுனியில் ஒட்டியிருந்து, பூ விரியும்போது ஒரு தொப்பியைப் போல மொத்தமாகக் கழன்று விழும். பிரண்டையின் இதழ்கள் தனித்தனியே விரிகின்றன. பிரண்டைக் கனியில் பெரும்பாலும் ஒரு விதையே இருக்கும்.

இவ்விரண்டையும் தாவரவியலாளர் எப்போதும் தனித்தனியாக வைத்திருக்கவில்லை. 1834-இல் வைட், ஆர்னட் இருவரும் பிரண்டையைத் திராட்சைப் பேரினத்திலேயே சேர்த்து வைட்டிஸ் குவாட்ராங்குலாரிஸ் எனப் பெயரிட்டனர். பழைய மருந்து நூல்களில் இப்பெயரைக் காண்போர் அது வேறு செடி எனக் கருத வேண்டியதில்லை. அண்மைக்கால மரபணு ஆய்வுகளால் பேரினத்தின் எல்லை மறுபடியும் மாறியுள்ளது. தென் அமெரிக்க, ஆஸ்திரேலிய இனங்கள் சில இதனோடு நெருங்கிய உறவற்றவை எனத் தெரியவந்துள்ளது.

பிரண்டைத் தண்டு வறட்சிக்கு ஏற்றது. இரவில் இலைத்துளைகளைத் திறந்து கரியமில வாயுவைச் சேமித்துக்கொண்டு, பகலில் அவற்றை மூடியபடி ஒளிச்சேர்க்கை செய்கிறது. நறுக்கும்போது கை அரிப்பதற்குத் தண்டிலுள்ள கால்சியம் ஆக்சலேட்டு ஊசிகளே காரணம். கையில் எண்ணெய் தடவிக்கொண்டு, நாரை உரித்து, புளி சேர்த்துச் சமைக்கும் வீட்டு வழக்கம் இதனாலேயே ஏற்பட்டது.

விதை சொல்லும் சான்று

கொடிகளின் தண்டும் இலையும் எளிதில் அழுகிவிடும். எனவே இக்குடும்பத்தின் தொல் வரலாற்றுக்கு விதைகளே முதன்மைச் சான்றுகளாகும். கம்பம் பன்னீர்த் திராட்சை விதையுள்ள வகை என்பதால் வாசகர் இதைத் தாமே சோதிக்கலாம். விதையின் ஒரு பக்கத்தில் நடுவே ஒரு முகடும், அதன் இருபுறமும் இரண்டு குழிகளும் தெரியும். மறுபக்கத்தில் வட்டமான ஒரு தழும்பு இருக்கும். இக்கூட்டமைப்பு திராட்சைக் குடும்பத்திற்கே உரியது. பிரண்டை விதையில் அத்தழும்பு வட்டமாக இல்லாமல் நீண்ட கோடாக அமைகிறது. கல்லாகிப் போன விதையிலும் இவ்வேறுபாடுகளைக் கொண்டு உறவினரைப் பிரித்தறிய இயலும்.

கம்பம் பள்ளத்தாக்கில் இவ்வாறான புதைபடிவங்களைத் தேடிப் பயனில்லை. இங்குள்ள பாறைகள் பூக்கும் தாவரங்கள் தோன்றுவதற்கு மிக முற்பட்ட உருமாற்றப் பாறைகள். சான்று கிடைத்தது நடு இந்தியாவில். தக்காணத்தில் எரிமலைக் குழம்பு அடுக்கடுக்காகப் பாய்ந்த காலத்தில், இரு பாய்ச்சல்களுக்கு இடைப்பட்ட ஏரிகளில் விழுந்த கனிகளும் விதைகளும் சிலிக்கா ஊறிக் கல்லாயின. இப்படிவுகளிலிருந்து மான்செசுட்டர், கப்கட்டே, வென் ஆகியோர் 2013-இல் இண்டோவைட்டிஸ் சிட்டாலேயே என்ற புதிய பேரினத்தையும் இனத்தையும் விவரித்தனர். நாக்பூரிலும் பின்னர் அமெரிக்காவின் கிளீவ்லாந்திலும் பணியாற்றிய தொல்தாவரவியலாளர் சியா சிட்டாலே அவர்களின் நினைவாக இவ்வினப்பெயர் அமைந்தது. ஏறத்தாழ 6.6 கோடி ஆண்டுகள் பழமையான இவை, திராட்சைக் குடும்பத்தின் மிகப் பழைய கனிகளாகக் கருதப்படுகின்றன.

இதனால் எழுந்த வினா பெரிது. அதற்குமுன் அறியப்பட்ட பழைய விதைகள் பெரும்பாலும் வட அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் கிடைத்தவை. இலண்டன் களிமண் படிவு இவற்றுக்குப் பெயர்பெற்றது. ஆகவே இக்குடும்பம் வடக்கே தோன்றித் தெற்கே பரவியது என எண்ணுவது எளிதாயிருந்தது. ஆனால் தக்காண எரிமலைகள் எழுந்தபோது இந்தியா ஆசியாவுடன் இணைந்திருக்கவில்லை. கடலால் சூழப்பட்டு வடக்கு நோக்கி நகர்ந்துகொண்டிருந்தது. நிலவழி இணைப்புக்கு முன்னரே இங்கு இக்குடும்பம் இருந்திருக்கிறது. பறவைகளின் வழியே விதை கடல் கடந்திருக்கலாம். அல்லது தென்கண்டங்களிலிருந்தே இந்தியாவுடன் வந்திருக்கலாம். எனினும் இண்டோவைட்டிஸைப் பிரண்டையின் நேர் மூதாதை எனக் கொள்வது தவறு. அது அழிந்துபோன ஒரு கிளை உறவு மட்டுமே.

2024-இல் கொலம்பியாவில் கிடைத்த, 6 கோடி ஆண்டுப் பழமையுடைய லித்தூவா சுசுமானியை என்ற விதை வெளியிடப்பட்டது. மேற்கு அரைக்கோளத்தில் இக்குடும்பத்தின் மிகப் பழைய சான்று இதுவாகும். டைனோசர்கள் அழிந்தபின் காடுகள் அடர்ந்ததும், மரங்களைப் பற்றி ஏறும் கொடிகளுக்கு வாய்ப்புப் பெருகியது என்பது அதை ஆய்ந்தவர்களின் கருத்து.

கம்பத்துத் திராட்சை

பன்னீர்த் திராட்சை எனப்படுவது மசுகட் ஆம்பர்க் வகையாகும். குளிர் நாடுகளில் திராட்சைக் கொடி குளிர்காலத்தில் இலையுதிர்த்து உறங்கும். இங்கு அவ்வுறக்கம் இல்லாததால் கவாத்துச் செய்தே காய்ப்பைத் தூண்டுகின்றனர். தோட்டத்துக்குத் தோட்டம் கவாத்துக் காலத்தை மாற்றி அமைப்பதால் சுருளிப்பட்டி, காமயகவுண்டன்பட்டி முதலிய ஊர்களில் ஆண்டு முழுவதும் அறுவடை நடைபெறுகிறது. இத்திராட்சைக்கு 2023-இல் புவிசார் குறியீடு வழங்கப்பட்டது. பிரெஞ்சுப் பாதிரியார் ஒருவர் 1832-இல் இதைத் தமிழகத்திற்குக் கொண்டுவந்ததாகக் கூறுவர். பழம் வெளிநாட்டிலிருந்து வந்ததுதான், குடும்பம் அவ்வாறன்று. பந்தலுக்கு அருகில் எவரும் நடாமலே முளைக்கும் பிரண்டை, கவாத்தும் பாசனமும் இன்றி வேனிலைக் கடந்துவிடுகிறது.