பந்தைத் தொடரும் கணினிக்கண்

பூப்பந்து ஆட்டம் பரபரப்பான கட்டத்தில் இருக்கிறது. வேகமாக அடிக்கப்பட்ட பந்து எல்லைக்கோட்டருகே விழுகிறது. பந்து வெளியே விழுந்ததாகக் கோட்டு நடுவர் இரு கைகளையும் விரிக்கிறார். ஆட்டக்காரரோ கையை உயர்த்தி மறுஆய்வு கேட்கிறார். சிறிது நேரத்தில் பெரிய திரையில் முடிவு தெரிகிறது. பந்து கோட்டைத் தொட்டிருக்கிறது! புள்ளி அவருக்கே. உலகப் பூப்பந்துச் சம்மேளனம் இத்தகைய மறுஆய்வு முறையை 2014ஆம் ஆண்டில் அறிமுகப்படுத்தியது.

இம்முறை ஏன் தேவைப்பட்டது? மலேசிய வீரர் தான் பூன் ஹியோங் 2013இல் நடந்த ஒரு சோதனையில் பந்தை மணிக்கு 493 கிலோமீட்டர் வேகத்தில் அடித்தார். அவ்வேகத்தில் செல்லும் பொருள் ஒரு நொடியில் ஏறத்தாழ 137 மீட்டர் கடக்கும். நொடிக்கு 25 படங்கள் எடுக்கும் கேமராவில், ஒரு படத்திற்கும் அடுத்த படத்திற்கும் இடையில் அது 5 மீட்டருக்கு மேல் நகர்ந்துவிடும். ஆகவே, பந்தைத் தொடர அதிவேகக் கேமராக்கள் தேவைப்படுகின்றன.

படங்கள் கிடைத்தாலும் கணினிக்குப் பந்து என்றால் என்னவென்று தெரியாது. அதற்கு ஒவ்வொரு படமும் வெறும் எண்களின் தொகுப்பே. பந்தைக் கண்டறிய, அது ‘படிமுறை’ எனப்படும் கட்டளை வரிசையைப் பின்பற்றுகிறது.

முதலில், அடுத்தடுத்த இரு படங்களைக் கணினி ஒப்பிடுகிறது. மாறாத தரையையும் வலையையும் விலக்கி, மாறியவற்றை மட்டும் எடுத்துக்கொள்கிறது. அடுத்து, அளவு, வடிவம், வேகம் ஆகியவற்றைக் கொண்டு கை, மட்டை, காலணி போன்றவற்றிலிருந்து பந்தைப் பிரித்தறிகிறது. ஒரே கேமரா பந்து இருக்கும் திசையை மட்டுமே காட்டும். தூரத்தைச் சரியாகக் காட்டாது. எனவே, பல கோணங்களில் உள்ள கேமராக்களின் திசைக்கோடுகள் சந்திக்கும் இடத்தைக் கணினி கணக்கிடுகிறது. இறுதியாக, அவ்விடங்களை இணைத்துப் பந்தின் பாதையையும் அது விழுந்த இடத்தையும் கண்டறிகிறது.

இத்துறையில் புகழ்பெற்றது, பிரிட்டனைச் சேர்ந்த பால் ஹாக்கின்ஸ் உருவாக்கிய ‘ஹாக்-ஐ’ அமைப்பாகும். 2001இல் லார்ட்ஸ் திடலில் நடந்த கிரிக்கெட் ஆட்டத்தின் ஒளிபரப்பில் அது முதன்முதலாகப் பயன்படுத்தப்பட்டது. 2006இல் அமெரிக்கப் பொது டென்னிஸ் போட்டியில், நடுவரின் தீர்ப்பை எதிர்த்து முறையிடவும் அது உதவியது.

ஆயினும், ஹாக்-ஐ திரையில் காட்டும் பந்தின் பாதை நேரடியாக எடுத்த புகைப்படமன்று. கணக்கிட்டு வரையப்பட்ட படம். அதில் சில மில்லிமீட்டர் பிழை இருக்கலாம். அதனால்தான் கிரிக்கெட்டில், பந்து விக்கெட்டை உரசுமா என்பது ஐயமாக இருந்தால் நடுவரின் முதல் தீர்ப்பே நிலைக்கிறது.

விம்பிள்டன் போட்டியில் 2025ஆம் ஆண்டு கோட்டு நடுவர்களுக்குப் பதிலாக மின்னியல் முறை முழுமையாக நடைமுறைக்கு வந்தது. அவ்வாண்டே ஓர் ஆட்டத்தில், திடலின் ஒரு பகுதிக்குரிய அமைப்பை மனிதர் ஒருவர் தவறுதலாக அணைத்துவிட்டார். வெளியே விழுந்த பந்தைக் கணினி அறிவிக்கவில்லை. அந்தப் புள்ளியை மீண்டும் ஆட வேண்டியதாயிற்று.

கண் தவறவிடுவதைக் கணினி காண்கிறது. ஆனால், அந்தக் கணினி சரியாக இயங்குகிறதா என்று விழிப்புடன் பார்க்க வேண்டியவர் மனிதரே. இவ்விரண்டும் சேர்ந்தால்தான் ஆட்டக்காரருக்கு நியாயம் கிடைக்கும்.