சந்தேகம் யார் மீது?

எனிட் பிளைட்டன் 1942 முதல் 1963 வரை எழுதிய 21 'ஐவர்' நாவல்களைச் சிறுவர் சாகசக் கதைகள் என்பார்கள். எனக்கென்னவோ, யாரைச் சந்தேகிக்கணும் என்று குழந்தைக்குச் சொல்லித்தரும் பிரதிகளாகவே அவை படுகின்றன. ஒன்பதாவது நாவலில் (1950) ஜோ என்றொரு சிறுமி. பார்க்க, ஐவரில் ஒருத்தியான ஜார்ஜ் மாதிரியே இருக்கிறாள். ஆனால் ஜார்ஜ் விஞ்ஞானி வீட்டுப் பெண். ஜோ, திருட்டுக் கும்பலோடு திரிகிறவனின் மகள். ஐவருக்கு உதவியும் அவள் ஆறாவது ஆள் ஆவதில்லை.

இது இங்கிலாந்துச் சங்கதி மட்டும்தானா? 1871இல் தொடங்கி, குறவர் உள்ளிட்ட பல சமூகங்களைப் பிறவிக் குற்றவாளிகளாக்கிய சட்டங்கள் 1952க்குள் ஒழிந்துவிட்டன. எங்க வலங்கைமான்ல, தெருவில் ஊசிபாசி விற்க வருகிறவரைக் காட்டி, 'புடிச்சிட்டுப் போயிடுவான்' என்று பிள்ளையை மிரட்டுவது ஒழியவில்லை. துப்பறியும் கதையின் முதல் அத்தியாயம் அங்கேயே எழுதப்பட்டுவிடுகிறது.

ஜோ சொல்வதாக ஒரு கதை எழுதினால், திருடன் யாராக இருப்பான்?