விதை அவிய வேண்டுமா? ஒழுங்கு தெரிய வேண்டும்

“எவ்வளவு விறகு எரிச்சாலும் இந்தக் கௌபி அவியுதில்லை, சுவாமி” என்று தாய்மார் சொல்லக் கேட்டிருக்கிறோம். விறகுக்கு அலையும் குடும்பத்துக்கு இது சிறிய கவலை அன்று. காய்ந்த விதை ஏன் அவிய மறுக்கிறது என்பதைப் பிறநாட்டு உணவொன்றைக் கொண்டு விளங்கிக் கொள்வோம்.

தக்காளிக் குழம்பில், தகரத்தில் அடைத்து விற்கப்படும் ‘பேக்ட் பீன்ஸ்’ உங்களிற் பலர் அறிந்ததே. அதன் பழைய வடிவம் அமெரிக்காவின் வடகிழக்கிலுள்ள நியூ இங்கிலாந்துக்கு உரியது. அங்கே குடியேறிய பியூரிட்டன் கிறிஸ்தவர்களுக்கு ஓய்வுநாள் சனி மாலையிலேயே தொடங்கிவிடும். அன்று சமைக்கமாட்டார்கள். ஆகவே முன்கூட்டியே பானையை வெதுப்பியில் வைத்துவிடுவர். இனிப்புக்குச் சேர்த்த கரும்பாகு மேற்கிந்தியத் தீவுகளிலிருந்து, அடிமைகளின் உழைப்பில் வந்தது என்பதையும் மறத்தலாகாது.

செய்முறை

நமது போஞ்சியின் இனத்தைச் சேர்ந்த சிறிய வெள்ளை விதை 500 கிராம் எடுத்து, மூன்று மடங்கு நீரில் இரவு முழுவதும் ஊறவிடுங்கள். அந்நீரை ஊற்றிவிட்டு, புதுநீரில் 30 நிமிடம் நன்கு கொதிக்க வைத்து, பின் சிறு நெருப்பில் அவியவிடுங்கள். நான்கைந்து விதைகளைக் கரண்டியில் எடுத்து ஊதிப் பாருங்கள். தோல் வெடித்துச் சுருண்டால் பதம் சரி.

இப்போதுதான் ஒரு வெங்காயம், 100 கிராம் கரும்பாகு, ஒவ்வொரு தேக்கரண்டி கடுகுத்தூளும் உப்பும், 150 கிராம் உப்பிட்ட பன்றி இறைச்சி ஆகியவற்றைச் சேர்க்க வேண்டும். விதை மூழ்க அவித்த நீரை ஊற்றி, மூடி, 150 பாகை செல்சியசில் 6 முதல் 8 மணி நேரம் வெதுப்பியில் விடுவர். வற்றினால் சுடுநீர் சேர்ப்பர். மெயின் மாநிலத்தில் வெதுப்பிக்குப் பதிலாக நிலத்தில் கிடங்கு வெட்டி, விறகெரித்துத் தணலாக்கி, மூடிய இரும்புப் பானையை இறக்கி, மண்ணால் மூடி மறுநாள் எடுக்கும் வழக்கமும் உண்டு.

காரணம் என்ன?

விதையின் கலங்களை ஒட்டிப் பிடித்திருப்பது பெக்டின் என்னும் பொருள். அது கொதிநீரில் கரைந்தால்தான் விதை மென்மையாகும். புளிப்பும் சீனியும் கல்சியமும் அதைக் கரையவிடா. கரும்பாகில் இம்மூன்றும் உண்டு. ஆதலால் பாகு முந்தினால் விதை கல்லாகவே நிற்கும். பிந்தினால் எட்டு மணி நேரம் வெந்தும் குழையாது.

நமது அடுப்பில்

கௌபி, கடலை அவிக்கும்போதும் இதே விதிதான். புளி, தக்காளி, தேசிக்காய், பனங்கட்டி யாவும் விதை அவிந்த பின்னரே. யாழ்ப்பாணக் குடாநாட்டுச் சுண்ணக்கல் நிலத்துக் கிணற்று நீரில் கல்சியம் அதிகம். அதிலும் விதை அவியத் தாமதிக்கும். மழைநீர் இருந்தால் நல்லது. இல்லையேல் ஊறவைக்கும் நீரில் ஒரு சிட்டிகை அப்பச்சோடா போடலாம்.

ஓர் எச்சரிக்கை. சிவப்புப் போஞ்சி விதையை அரைகுறையாக அவித்து உண்டால், சில மணி நேரத்துக்குள் கடும் வாந்தியும் வயிற்றோட்டமும் ஏற்படும். நன்கு கொதித்த கொதியே அந்த நச்சை அழிக்கும். விறகை மிச்சம் பிடிக்க எண்ணி, கொதிக்காத பானையைத் தணலில் வைத்துவிடாதீர்கள். இளஞ்சூடு நச்சைக் கூட்டவும் கூடும்.

முதலில் ஊறல், அடுத்து கொதி, கடைசியில் சுவை. இந்த ஒழுங்குக்குக் காசு வேண்டியதில்லை. விறகும் மிஞ்சும், பிள்ளைகளின் வயிறும் நோகாது.